நந்தனார் வெறும் பாட்டுப் படமா?

தமிழ் சினிமாவின் கதையைச் சொல்ல உட்காருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே தடத்தில்தான் போகிறார்கள். 1931-ல் 'காளிதாஸ்' வந்தது. அதன் பிறகு இருபது வருடம் புராணம், பக்தி, பாட்டு. நாடக மேடைக்கு எதிரே கேமராவை நிறுத்தி எடுத்த படங்கள். சாமி வரும், அருள் தரும், படம் முடியும். பிறகு 1949-ல் 'வேலைக்காரி', 1952-ல் 'பராசக்தி'. அப்போதுதான் தமிழ்த் திரை ஊரைத் திரும்பிப் பார்த்தது, சாதியைப் பேசியது, கோயிலுக்குள் நின்று கேள்வி கேட்டது. மேடைப் பேச்சிலும் தொலைக்காட்சி விவாதத்திலும் வார இதழ்க் கட்டுரையிலும் இந்த வரிசை மாறுவதில்லை. பகுத்தறிவாளர்கள் சொல்கிறார்கள், உலக சினிமா ரசிகர்கள் சொல்கிறார்கள். பக்திமான்களும், அந்தக் காலத்துப் படங்களில் அரசியல் எதுவும் கிடையாது, எவ்வளவு சுத்தமாக இருக்கும் என்று மகிழ்ச்சியோடு ஒப்புக்கொள்கிறார்கள். மூன்று தரப்பும் இப்படிக் கைகோத்து நிற்கும் இன்னொரு விஷயத்தை நான் பார்த்ததில்லை.

மூன்று தரப்பும் சொல்வது தவறு. அதைக் காட்ட 'நந்தனார்' ஒன்றே போதும். பேசாப்பட காலத்திலேயே திரைக்கு வந்துவிட்ட கதை இது. பேசும்படமாக இரண்டு முறை தமிழ்நாட்டையே திரும்பிப் பார்க்க வைத்தது. 1935-ல் கே.பி. சுந்தராம்பாள் நந்தனாக நடித்தார், 1942-ல் ஜெமினி தயாரிப்பில் எம்.எம். தண்டபாணி தேசிகர் நடித்தார். இவ்விரண்டையும் 'பக்திப் படம்' என்ற பெட்டியில் போட்டு மூடிவிட்டதால் எதை இழந்தோம் என்பதைத்தான் இங்கே சொல்ல வேண்டியிருக்கிறது.

முதலில், இது புராணத்தை அப்படியே எடுத்த படம் என்ற நம்பிக்கை. திருநாளைப்போவார் கதையைச் சேக்கிழார் பெரியபுராணத்தில் 37 பாடல்களில் சொல்கிறார். கொள்ளிடக் கரையில் ஆதனூர். அங்கே புலைப்பாடியில் ஒருவர். கோயில் முரசுகளுக்குத் தோலும் வாரும், யாழுக்கும் வீணைக்கும் நரம்பும், பூசைக்குக் கோரோசனையும் கொடுப்பதைத் தொண்டாகச் செய்கிறவர். திருப்புன்கூரில் அவர் வெளியே நின்று கும்பிட நந்தி விலகுகிறது. நாளைப் போவேன், நாளைப் போவேன் என்று பல நாள் சொல்லி ஒருநாள் தில்லைக்குப் போகிறார். தீயில் இறங்கி முனிவராக வெளியே வருகிறார். அவ்வளவுதான். இந்த 37 பாடல்களைத் தேடிப் பாருங்கள், அவரைத் தடுத்து நிறுத்துகிற முதலாளி ஒருவர் கூட இல்லை. அவர் போகத் தயங்குவது தன் பிறப்பை நினைத்து. யாரிடமும் அவர் விடை கேட்டு நிற்கவில்லை. தன் சேரிக்கு உரிய மானிய நிலத்தின் விளைச்சலில் பிழைக்கிறவர் அவர், எவர் பண்ணையிலும் ஆள் இல்லை.

அந்த முதலாளியை, வேதியரை, கொண்டுவந்தவர் கோபாலகிருஷ்ண பாரதியார். 1860-களின் தொடக்கத்தில் அச்சேறிய அவருடைய 'நந்தனார் சரித்திரக் கீர்த்தனை'யில்தான் நந்தன் ஒரு பிராமண மிராசுதாரரின் பண்ணையாள் ஆகிறான். காவிரிப் படுகையில், நாகப்பட்டினத்துக்குப் பக்கத்து நரிமணத்தில் பிறந்து, மாயூரத்துக்கு அருகே ஆனந்ததாண்டவபுரத்தில் வாழ்ந்தவர் பாரதியார். வயலையும் களத்தையும், அங்கே யார் நிற்கிறார்கள், யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்பதையும் வாழ்நாளெல்லாம் பார்த்தவர். இந்தியாவில் அடிமைமுறைக்குச் சட்ட ஏற்பு இல்லை என்று கம்பெனி அரசு சட்டம் கொண்டுவந்தது 1843-ல். அதற்குப் பிறகு இருபது வருடம்கூட ஆகாத நிலையில், தஞ்சைப் பண்ணைகளில் தலைமுறை தலைமுறையாகக் கட்டுண்டு கிடந்த ஒரு பண்ணையாளை ஒரு பிராமணப் பாகவதர் கதாநாயகனாக்கிக் கதாகாலட்சேபம் செய்தார். பிராமண மிராசுதாரரை அவனுக்கு எதிரே நிறுத்தினார். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை இந்த நூலுக்குச் சிறப்புப்பாயிரம் தர முதலில் தயங்கினார் என்பதையும், இலக்கணப் பிழைகளும் பெரியபுராணத்திலிருந்து விலகிய கதைப்போக்கும் அவரை உறுத்தின என்பதையும் உ.வே. சாமிநாதையர் எழுதியிருக்கிறார். பாரதியார் பாடக் கேட்ட பிறகே மகாவித்துவானின் மனம் இளகியது. அந்தப் புலவர் உறுத்தலாக உணர்ந்த விலகலைத்தான் சினிமா எடுத்துக்கொண்டது. சேக்கிழாரின் தொண்டரை விட்டுவிட்டுப் பாரதியாரின் பண்ணையாளைத் திரைக்குக் கொண்டுபோனது. படம் எடுத்தவர்களுக்கு வேண்டியது வெறும் புராணமாக இருந்திருந்தால், வேதியருக்கு அதில் வேலையே இல்லை.

வேதியரிடம் நந்தன் விடை கேட்கும் காட்சியைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். நந்தன் கேட்பது என்ன? சிதம்பரம் போய் வர உத்தரவு. ஒரு தரம் போய்த் தரிசித்துவிட்டுத் திரும்பி வந்துவிடுகிறேன் என்கிறான். வேதியரின் பதிலில் சாத்திரமும் இருக்கிறது, கணக்கும் இருக்கிறது. உன் சாதிக்குச் சிதம்பரம் எதற்கு என்று கேட்கிற அதே வாய், நீ போய்விட்டால் நடவு என்ன ஆவது, அறுப்பு என்ன ஆவது என்றும் கேட்கிறது. கடைசியில் அவர் விதிக்கும் நிபந்தனையில் சாத்திரம் முழுக்க உதிர்ந்துவிடுகிறது. நாற்பது வேலி நிலத்து வேலையை முடித்துவிட்டுப் போ. ஒரு வேலி என்பது ஆறரை ஏக்கருக்கும் மேல். நாற்பது வேலி என்றால் இருநூற்று அறுபது ஏக்கருக்குக் குறையாது. தீட்டு, ஆசாரம் என்று தொடங்கிய பேச்சு கூலியாளின் உழைப்பில் வந்து நிற்கிறது. கோயில் வாசலை அடைத்து நிற்பது தீண்டாமை மட்டும் இல்லை, அதன் பின்னால் வயல் இருக்கிறது என்று இதைவிடத் தெளிவாக எந்தச் 'சமூகப் படம்' சொன்னது? சிவன் அருளால் ஒரே இரவில் கதிர் விளைந்து அறுபட்டுக் கிடக்கிறது. அதைக் கண்ட வேதியர் நந்தன் காலில் விழுகிறார். அற்புதம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்த அற்புதம் என்ன செய்கிறது என்று பாருங்கள். பண்ணையாளின் பாக்கியைத் தீர்க்கிறது, ஆண்டையைக் குனிய வைக்கிறது.

இன்னொன்றும் உண்டு. நந்தனுக்கு எதிராக முதலில் முணுமுணுப்பவர்கள் சேரிப் பெரியவர்கள்தாம். நம் சாமிகளை விட்டுவிட்டு இவனுக்கு ஏன் சிவன் என்று அவர்களே வேதியரிடம் முறையிடுகிறார்கள். ஒடுக்கப்பட்டவர்களுக்குள்ளேயே ஊரின் ஒழுங்கு எப்படி வேர் பிடித்திருக்கிறது என்பதை இந்தக் கதை அறிந்திருக்கிறது. மேலே கெட்டவன், கீழே நல்லவன் என்று கோடு போட்டுக் காட்டிய பிந்தைய காலப் படங்கள் பலவற்றைவிட இது நுட்பமானது.

இந்தக் காட்சியை யார் பார்த்தார்கள் என்பதும் முக்கியம். தமிழர்கள் எல்லோரும் சாதி பேதமின்றி ஒரே கூரையின் கீழ் உட்கார்ந்து ஒரு கலையைப் பார்த்த முதல் இடம் சினிமாக் கொட்டகை என்று கா. சிவத்தம்பி எழுதினார். தரை டிக்கெட், பெஞ்சு டிக்கெட், நாற்காலி டிக்கெட் என்று காசு பிரித்தது, சாதி வாசலில் நின்று பிரிக்கவில்லை. கூத்துக்கும் கதாகாலட்சேபத்துக்கும் சங்கீதக் கச்சேரிக்கும் இல்லாத வசதி இது. தஞ்சை ஜில்லாவின் டூரிங் டாக்கீஸ் ஒன்றில் 'நந்தனார்' ஓடும்போது மிராசுதாரர் நாற்காலியிலும் அவருடைய பண்ணையாள் மணல் தரையிலுமாக இருந்திருப்பார்கள். இருவரும் ஒரே நேரத்தில் வேதியர் நந்தன் காலில் விழுவதைப் பார்த்தார்கள். இதற்குச் சமூகப் பொருள் எதுவும் இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

1935-க்கு வருவோம். மாணிக்லால் டாண்டன் இயக்கிய அந்தப் படத்தைப் பற்றி இன்று பேசப்படுவது இரண்டே செய்தி. சுந்தராம்பாளுக்கு ஒரு லட்சம் ரூபாய் சம்பளம், படத்தைக் கல்கி கிழித்துத் தொங்கவிட்டது. ஆனந்த விகடனில் கல்கி எழுதிய விமர்சனம் பிரசித்தமானது. மனிதர்களைவிட மரமும் மாடும் நன்றாக நடித்திருப்பதாக அவர் கேலி செய்தார். அந்தக் கேலிதான் தலைமுறை தாண்டி வந்திருக்கிறது, படம் வரவில்லை. ஒரு பெண் ஆண் வேடம் போட்டுக்கொண்டு 41 பாடல்கள் கொண்ட படத்தில் பாடித் தீர்த்தார் என்ற ஒற்றை வரியோடு வரலாற்று நூல்களும் கடந்து போய்விடுகின்றன.

அந்தப் பெண் யார் என்று கேட்க வேண்டாமா? கொடுமுடியில் வறுமையில் பிறந்து, ரயிலில் பாடிக் காசு வாங்கிய சிறுமி. மேடையில் ஸ்திரீபார்ட்டும் ராஜபார்ட்டும் போட்டுப் பழகியவர், ஆண் வேடம் அவருக்குப் புதிதில்லை. 1933 டிசம்பரில் எஸ்.ஜி. கிட்டப்பா இறந்தபோது சுந்தராம்பாளுக்கு வயது இருபத்தைந்து. வெள்ளைப் புடவைக்கு மாறினார், நகைகளைக் கழற்றினார், இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார். மீண்டும் அவரை வெளியே கொண்டுவந்த வேடம் நந்தன். அவருக்கு எதிரே வேதியராக நின்றவர் மகாராஜபுரம் விஸ்வநாத ஐயர். கர்நாடக சங்கீத உலகின் முதல் வரிசை வித்வான், உமையாள்புரம் சுவாமிநாத ஐயரின் சீடர், பின்னாளில் சங்கீத கலாநிதி. நாடகக்காரி என்று சமூகம் ஒதுக்கி வைத்திருந்த ஒரு கைம்பெண், தீண்டத்தகாதவன் என்று ஒதுக்கப்பட்டவனின் வேடத்தில் நிற்க, அவர் முன் வந்து பணிகிறது வித்வானின் வேதியர் பாத்திரம். நடிப்பு நாடகத்தனமாக இருந்தது என்ற கல்கியின் குறையை அப்படியே ஏற்கலாம். அந்தக் குறையோடு படத்தின் கதை முடிந்துவிட்டது என்பதைத்தான் ஏற்க முடியாது.

காலத்தையும் பாருங்கள். 1932 செப்டம்பரில் எரவாடா சிறையில் காந்தி உண்ணாவிரதம், அதன் முடிவில் புனா ஒப்பந்தம். 1933 இறுதியில் தொடங்கிய காந்தியின் ஹரிஜன யாத்திரை 1934-ன் தொடக்கத்தில் தமிழ்நாட்டுக்கு வந்தது. நந்தனைச் சத்தியாகிரகி என்று காந்தி தம் பேச்சுகளில் பல முறை குறிப்பிட்டார். மத்திய சட்டசபையில் ஆலயப் பிரவேச மசோதா வந்து விழுந்தது. அதே 1934-ல் மணிக்கொடியில் புதுமைப்பித்தன் 'புதிய நந்தன்' எழுதினார். ஆதனூரையே களமாக வைத்து, பண்ணை பிராமணர் வீட்டுக் காந்தியவாதிப் பிள்ளையையும், சேரியிலிருந்து புறப்பட்டுச் சுயமரியாதைக்காரனான இளைஞனையும், கிழவன் கருப்பனையும் காந்தி வரும் ரயிலின் தண்டவாளத்தில் கொண்டுபோய் நிறுத்திய கதை. ஆக, 1935-ல் நந்தன் என்ற பெயரைக் கேட்ட எவருக்கும் அது நேற்றைய செய்தித்தாளின் பெயர். அடுத்த ஆண்டு நவம்பர் 12-ல்தான் திருவிதாங்கூரின் ஆலயப் பிரவேசப் பிரகடனமே வந்தது. படம் அதற்கு முந்தியது.

இங்கே, பக்திப் படங்களுக்கு ஆதரவாகப் பேசுகிறவர்களோடும் எனக்கு ஒரு சண்டை இருக்கிறது. வெள்ளைக்காரன் தணிக்கைக்குப் பயந்து தேசியத்தைப் பக்தி வேடத்தில் ஒளித்துக் காட்டினார்கள் என்று இவர்கள் சொல்வது வழக்கம். வேறு சில படங்களுக்கு அது பொருந்தலாம். நந்தனாருக்குப் பொருந்தாது. இங்கே பக்தி எதையும் மூடும் திரை இல்லை, அரசியல் கோரிக்கையே அதுதான். வைக்கத்திலும் சுசீந்திரத்திலும் மதுரையிலும் மக்கள் கேட்டது என்ன? வீதியில் நடக்க விடு, வாசலைத் திற, சாமியைப் பார்க்க விடு. நந்தன் கேட்பதும் அதையே. சந்நிதியில் நிற்கும் ஆசையும் குடியுரிமைக் கோரிக்கையும் ஒன்றாக இருந்த காலம் அது. பக்தியைச் சுரண்டி எடுத்துவிட்டு உள்ளே அரசியலைத் தேடுகிறவருக்கு ஒன்றும் மிஞ்சாது.

1942-ல் வந்த நந்தனாரின் பின்னணி இன்னும் அழுத்தமானது. 1939 ஜூலை 8 அன்று அ. வைத்தியநாத ஐயர் தலைமையில் பி. கக்கன் உள்ளிட்டோர் மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் நுழைந்தார்கள். சனாதனிகள் கொதித்தார்கள். நுழைந்தவர்களையும் நுழைய விட்டவர்களையும் காக்க ராஜாஜி அரசு அவசரமாகச் சட்டம் கொண்டுவந்தது. மாகாணம் முழுமைக்குமான ஆலயப் பிரவேசச் சட்டம் வர 1947 ஆயிற்று. இந்த இடைவெளியின் நடுவில் நிற்கிறது ஜெமினியின் 'நந்தனார்'. எஸ்.எஸ். வாசன் தயாரிப்பு, முருகதாசா இயக்கம், செருகளத்தூர் சாமா வேதியர். கோபாலகிருஷ்ண பாரதியாரின் கீர்த்தனைகளோடு பாபநாசம் சிவனும் கொத்தமங்கலம் சுப்புவும் எழுதிய பாடல்கள் சேர்ந்தன.

இந்தப் பெயர்களை இணைத்துப் பார்த்தால் ஒரு தொடர்ச்சி தெரியும். கல்கியின் 'தியாகபூமி' வாசனின் ஆனந்த விகடனில் படக்காட்சிகளோடு தொடராக வந்தது. கே. சுப்ரமணியம் அதை 1939-ல் படமாக எடுத்தார். புயல் மழையில் சேரி மக்களுக்கு அடைக்கலம் கொடுத்து, அதற்காகத் தள்ளி வைக்கப்படும் சம்பு சாஸ்திரியாக அதில் நடித்தவர் பாபநாசம் சிவன். பின்னர் அரசு தடை செய்த படம் அது. சுப்ரமணியத்தின் ஸ்டூடியோ தீப்பிடித்து ஏலத்துக்கு வந்தபோது வாசன் வாங்கினார், அதுதான் ஜெமினி ஸ்டூடியோ ஆயிற்று. சம்பு சாஸ்திரியாக நடித்தவர் பாட்டு எழுத, தியாகபூமியின் பத்திரிகை முதலாளி தயாரிக்க, தியாகபூமி இயக்குநரின் பழைய ஸ்டூடியோவில் எழுந்தது நந்தனார். 1939-ன் தியாகபூமியைச் 'சமூகப் படம்' என்றும் 1942-ன் நந்தனாரைப் 'பக்திப் படம்' என்றும் வேறு வேறு அத்தியாயங்களில் வைப்பவர்கள், ஒரே கூட்டம் ஒரே கவலையோடு மூன்று வருட இடைவெளியில் செய்த இரண்டு காரியங்களை வெட்டிப் பிரிக்கிறார்கள். கே. சுப்ரமணியமே 1940-ல் செருப்புத் தைக்கும் அடியார் ஒருவரைப் பற்றிப் 'பக்த சேதா' எடுத்தார். பெயரில் பக்த என்று இருந்ததால் அதுவும் பெட்டிக்குள் போயிற்று.

தேசிகரின் நந்தனை இன்றும் பார்க்க முடிகிறது. நாடகத்தனம் இருக்கிறது. கேமரா பல இடங்களில் அசையாமல் நிற்கிறது. ஆனால் அவர் பாடத் தொடங்கியதும் வேறொன்று நடக்கிறது. ஓதுவார் மரபில் ஊறிய தொண்டை அது. சொல்லைச் சிதைக்காமல், சங்கதிகளை அடுக்கிக் காட்டாமல், ஒவ்வொரு எழுத்தும் காதில் விழும்படி பாடுகிறார். மாஞ்சி ராகத்தில் 'வருகலாமோ' கீர்த்தனையை எடுத்துக்கொள்ளுங்கள். தன் சாதியைத் தன் வாயாலேயே சொல்லி, உள்ளே வரலாமா, உன் பக்கத்தில் நிற்கலாமா என்று ஆண்டவனிடம் அனுமதி கேட்கும் பாட்டு. இன்று டிசம்பர் சீசனில் சபாக்களில் கடைசி அரை மணியில் பாடப்பட்டு, ராக பாவத்துக்குத் தலையாட்டல் பெற்றுக்கொண்டு போகிறது. படத்தில் அதற்கு ஒரு உடம்பு இருக்கிறது, எல்லைக்கு வெளியே நிற்கிற உடம்பு. கேட்கிறவன் யார், எங்கிருந்து கேட்கிறான் என்பது கண்முன்னே இருக்கும்போது அந்தப் பாட்டு ராகமாக மட்டும் காதில் இறங்காது.

இனி மிகக் கனமான எதிர்ப்பு. நந்தன் கடைசியில் தீயில் இறங்குகிறான். தூய்மையாக வேண்டியவன் அவனா, அவனை வெளியே நிறுத்தியவர்களா? பணிந்து, கெஞ்சி, எரிந்து போகிற ஒருவனை முன்மாதிரியாக்கியது ஒடுக்குமுறைக்குச் செய்த சேவை இல்லையா? இந்தக் கேள்வி புதிதில்லை. அயோத்திதாசப் பண்டிதர் நந்தனைப் பௌத்த அரசனாக மீட்டு எழுதினார். 1978-ல் இந்திரா பார்த்தசாரதி 'நந்தன் கதை' நாடகத்தில் தீயைச் சூழ்ச்சியாக்கிக் காட்டினார். கீழ்வெண்மணியில் 44 பேர் எரிக்கப்பட்ட பிறகு எழுதப்பட்ட நாடகம் அது. தஞ்சை மண்ணில் பண்ணையாள், மிராசுதார், தீ என்ற மூன்றும் சேரும்போது யாருக்கும் பழைய அற்புதம் அற்புதமாகத் தெரியாது. எனக்கும் தெரியவில்லை. அந்தத் தீயை நான் நியாயப்படுத்த மாட்டேன். காந்தி நந்தனிடம் பாராட்டிய பொறுமையை, பொறுமை காட்ட வேண்டாதவர்கள் பாராட்டுவதில் உள்ள அநீதியும் எனக்குப் புரிகிறது.

ஆனால் இந்த எதிர்ப்பு நான் மறுக்கும் கருத்துக்குத் துணை நிற்காது, அதற்கு நேர் எதிரானது. படம் சாதியைத் தொடவே இல்லை என்பது ஒரு குற்றச்சாட்டு. சாதியைத் தொட்டுத் தவறான தீர்வு தந்தது என்பது வேறு குற்றச்சாட்டு. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்கிறவர்கள் எதைச் சொல்கிறோம் என்று முடிவு செய்துகொள்ள வேண்டும். இரண்டாவதைப் பேசலாம், பேச வேண்டும். அப்படிப் பேசத் தொடங்கினாலே படம் ஒரு சமூக வாதமாக நம் முன் வந்து நின்றுவிடுகிறது.

அத்தோடு, நந்தன் என்ற பெயர் ஒடுக்கப்பட்டவர்கள் கையில் என்னவாயிற்று என்பதையும் பார்க்க வேண்டும். ஆரணிப் பக்கத்துத் தலித் குடும்பத்தில் பிறந்த சுவாமி சகஜானந்தர் 1916-ல் சிதம்பரத்தில் நந்தனார் கல்விக் கழகத்தைத் தொடங்கினார். பள்ளி, விடுதி, மடம் என்று அது வளர்ந்தது. தீட்சிதர்களின் கோயில் இருக்கும் அதே ஊரில், நந்தன் பெயராலேயே பிள்ளைகள் எழுத்துப் படித்தார்கள். சட்டமன்றத்திலும் அமர்ந்து பேசியவர் சகஜானந்தர். எரிந்து போனவனின் பெயரைக் கல்வி உரிமையின் பெயராக அவர் மாற்றினார். நந்தனார் படங்கள் வந்தபோது இந்தப் பள்ளி ஏற்கெனவே ஏறக்குறைய இருபது வருடமாக நடந்துகொண்டிருந்தது. படத்தின் பார்வையாளர்களில் அங்கே படித்தவர்களும் இருந்திருப்பார்கள் என்று நினைத்தாவது, நந்தனைப் பணிவின் சின்னம் என்று ஒரு சொல்லில் முடித்துவைப்பதை நிறுத்தலாம்.

'பராசக்தி'யை நான் குறைக்கவில்லை. அந்தக் கோயில் காட்சி தமிழ்த் திரையின் பெரிய நிகழ்வுதான். ஆனால் திராவிட இயக்கத்தின் புகழ்பெற்ற படங்களில், கதையின் நடு மையத்தில், தன் சாதியைத் தானே சொல்லிக்கொண்டு நிற்கிற பறையர் பண்ணையாள் ஒருவர் நாயகனாக இருந்த படம் எது? பூசாரியைக் கேள்வி கேட்கிற நாயகன் கோயிலுக்குள் நிற்கிறான். அவனை யாரும் வாசலில் தடுக்கவில்லை. வாசலுக்கு வெளியே நிற்பவனை நாயகனாக்கியது 'பக்திப் படம்'. அந்த இடத்துக்குத் தமிழ் சினிமா திரும்பி வர அரை நூற்றாண்டுக்கு மேல் ஆயிற்று. 2018-ல் 'பரியேறும் பெருமாள்' வந்தபோது இதுவரை இல்லாத நாயகன் என்று கொண்டாடினோம், கொண்டாடியது சரிதான். அவனுக்கு ஒரு முன்னோன் உண்டு என்று யாராவது ஒரு வரி எழுதியிருக்கலாம்.

இந்த மறதிக்குக் காரணம் இல்லாமலும் இல்லை. முப்பதுகளின் படங்களில் பெரும்பகுதி அழிந்துவிட்டது. மிஞ்சியவை இசைத்தட்டுகளும் தியேட்டரில் விற்ற பாட்டுப் புத்தகங்களும். மக்கிய தாளில் கதைச் சுருக்கம் ஒன்றிரண்டு பக்கம், மீதியை வெள்ளித்திரையில் காண்க என்று முடியும். அதன் பிறகு பல்லவி, அனுபல்லவி, சரணம் என்று பக்கம் பக்கமாகப் பாட்டு. வெள்ளித்திரையின் மீதி போய்விட்டது, பாட்டு நின்றது. நின்றதை வைத்து, அந்தப் படங்களில் இருந்ததே பாட்டுத்தான் என்று தீர்ப்பெழுதினோம். பேச்சுக் காட்சிகளும், வேதியரின் திண்ணையும், களத்து நெல்லும், கொட்டகையில் உட்கார்ந்திருந்தவர்களும் அந்தப் புத்தகத்தில் இல்லை. இருக்கிற தாளை மட்டும் வைத்து ஒரு காலத்தை எடை போட்டது ஆய்வாளர்களின் பிழை, அதைப் படத்தின் தலையில் கட்டக் கூடாது.

பாட்டே ஆனாலும் அது 'வெறும்' பாட்டாக அன்று யாருக்கும் இருக்கவில்லை. நந்தனாராக நடித்த நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, 1946-ல், தண்டபாணி தேசிகர் திருவையாற்றில் தியாகராஜர் ஆராதனையில் பிள்ளையார் மீது ஒரு தமிழ்ப் பாட்டுப் பாடினார். தமிழிசை இயக்கம் சூடாக இருந்த நேரம். சந்நிதி தீட்டுப்பட்டுவிட்டது என்று பேச்சு எழுந்தது. 'தீட்டாயிடுத்து' என்ற தலைப்பில் பெரியாரின் 'குடி அரசு' இதழில் ஒரு கட்டுரை வந்தது. எழுதியவர் இருபத்தியோரு வயது மு. கருணாநிதி. ஆறு ஆண்டுகள் கழித்துப் பராசக்திக்கு வசனம் எழுதப்போகிறவர், பக்திப் படத்து நந்தனுக்காகப் பேனா எடுத்தார். பக்திப் படத்துக்கும் பராசக்திக்கும் நடுவே நாம் போட்டு வைத்திருக்கும் கோடு அவர்கள் காலத்தில் இல்லை. தீட்டு என்று சொன்னவர்களுக்கும் சரி, அவர்களை எதிர்த்து எழுதியவருக்கும் சரி, தேசிகர் பாடியது பாட்டு மட்டும்தான் என்ற எண்ணம் ஒரு நிமிடமும் வரவில்லை.